பாதாள் லோக்கில் பரத முனி: ஹிந்தி வெப் சீரிஸ்களை ரசக் கோட்பாட்டோடு பார்ப்பது எப்படி?

கேள்வி இதுதான்: "பரதரின் நாட்டிய சாஸ்திரம் சொல்லும் ரசக் கோட்பாடு, ஓடிடியில் வரும் இன்றைய ஹிந்தி வெப் சீரிஸ்களுக்குப் பொருந்துமா? அவை அமெரிக்கத் தொடர்களைப் பார்த்து எழுதப்படுபவைதானே?"

பொருந்தும். பாட்டும் சண்டையும் கலந்த மூன்று மணி நேர ஹிந்திப் படத்தைவிட, எட்டு ஒன்பது எபிசோட் ஓடும் சீரிஸுக்குத்தான் அது நன்றாகப் பொருந்துகிறது என்பேன். எழுதியவர்கள் பரதரைப் படித்திருக்க வேண்டும் என்ற கட்டாயமில்லை. மேடையில் நடப்பது பார்ப்பவர் மனதில் எப்படி ஏறுகிறது என்பதைத்தான் ரசக் கோட்பாடு ஆராய்கிறது. ஆகவே கதை எந்த ஊர் பாணியில் எழுதப்பட்டிருந்தாலும், பார்ப்பவர் மனம் இருக்கும் வரை அந்த ஆராய்ச்சிக்கு வேலை இருக்கிறது. (கதைகளின் முடிவைத் தொடாமல் இதை விளக்க முடியாது. டெல்லி க்ரைம், பாதாள் லோக், பஞ்சாயத் பார்க்காதவர்கள் பார்த்துவிட்டு வந்து படியுங்கள்.)

முதலில் கோட்பாட்டைப் பற்றிக் கொஞ்சம். நம்மில் பலருக்கு ரசம் என்றால் நவரசம், அதாவது ஒன்பது முகபாவங்கள். பரதர் சொன்னது எட்டு: சிருங்காரம், ஹாஸ்யம், கருணை, ரௌத்திரம், வீரம், பயானகம், பீபத்சம், அற்புதம். சாந்தத்தை ஒன்பதாவதாக நிலைநாட்ட வலுவாக வாதாடியவர், ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் காஷ்மீரத்தில் வாழ்ந்த அபினவகுப்தர். ஆனால் எண்ணிக்கையில் நின்றுவிட்டால் விஷயம் கைநழுவிவிடும். நாட்டிய சாஸ்திரத்தின் ஆறாவது அத்தியாயத்தில் ஒரே வரியில் சூத்திரம் இருக்கிறது: விபாவம், அனுபாவம், வியபிசாரி பாவம் ஆகியவற்றின் சேர்க்கையால் ரசம் பிறக்கிறது. விபாவம் என்பது உணர்ச்சிக்குக் காரணமான ஆள், சூழல். அனுபாவம் என்பது அந்த உணர்ச்சி உடம்பிலும் பேச்சிலும் வெளிப்படும் விதம். வியபிசாரிகள் வந்து போகும் சின்ன உணர்ச்சிகள்: சலிப்பு, சந்தேகம், வெட்கம், கவலை, பொறாமை, அசதி என்று முப்பத்து மூன்றைப் பட்டியலிடுகிறார். இவை எல்லாவற்றுக்கும் அடியில் ஒன்று மட்டும் அசையாமல் இருக்க வேண்டும். அதுதான் ஸ்தாயி பாவம். கருணைக்குச் சோகம், ரௌத்திரத்துக்குக் குரோதம், வீரத்துக்கு உற்சாகம், பீபத்சத்துக்கு அருவருப்பு என்று ஒவ்வொரு ரசத்துக்கும் ஒரு ஸ்தாயி உண்டு.

பரதரே இதற்குச் சாப்பாட்டை உவமையாகச் சொல்கிறார். பல சரக்குகளும் காய்களும் சேர்ந்து வெந்த பிறகு வருகிற சுவை, எந்தத் தனிச் சரக்கிலும் இருந்ததில்லை. அதைச் சாப்பிடுகிறவர் உணர்கிறார். நாடகத்திலும் அப்படித்தான். அழுகிறவர் நடிகர், கருணை ரசத்தை அனுபவிப்பவர் நாம். நடிகருக்கு அழுகை வந்துவிட்டது என்பதால் மட்டும் நமக்கு ரசம் வந்துவிடாது. இன்றைய தொலைக்காட்சித் தொடர்களில் எத்தனை பேர் எவ்வளவு அழுதாலும் நம் மனம் அசையாமல் இருப்பதன் காரணம் இதில் இருக்கிறது. அங்கே அனுபாவம் மட்டும் குவிகிறது, விபாவம் கட்டப்படவில்லை, வியபிசாரிகளுக்கு இடமே இல்லை.

வெப் சீரிஸின் நீளம் இங்கேதான் உதவிக்கு வருகிறது. நாடகம் என்ற வகைக்கு ஐந்து முதல் பத்து அங்கங்கள் வரை இருக்கலாம் என்பது மரபு. டெல்லி க்ரைம் முதல் சீசன் ஏழு எபிசோட், பாதாள் லோக் ஒன்பது, ஸ்கேம் 1992 பத்து. இது தற்செயல்தான், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் ஒரு ஸ்தாயியைக் கட்டி எழுப்ப ஏறக்குறைய இவ்வளவு நேரம் வேண்டியிருக்கிறது என்று எனக்குத் தோன்றுகிறது. ராஜா, தேவர் கதையாக இல்லாமல் வணிகன், அமைச்சன், பிராமணன் போன்றவர்களைப் பற்றிக் கற்பனையாக எழுதப்படும் நாடகத்துக்குப் பிரகரணம் என்று பெயர். பத்து அங்கங்கள் கொண்ட 'மிருச்சகடிகம்' அந்த வகை. இன்ஸ்பெக்டர், பஞ்சாயத்துச் செயலர், பங்குத் தரகர் ஆகியோரை நாயகர்களாக வைத்திருக்கும் இந்த சீரிஸ்களை நான் பிரகரணத்தின் வாரிசுகளாகத்தான் பார்க்கிறேன்.

இனி ஒரு காட்சிக்குள் போவோம். டெல்லி க்ரைம் 2019 மார்ச்சில் நெட்ஃப்ளிக்ஸில் வந்தது. அடுத்த ஆண்டு சிறந்த நாடகத் தொடருக்கான சர்வதேச எம்மி விருதைப் பெற்றது. 2012 டிசம்பர் 16 இரவு டெல்லியில் ஓடும் பேருந்தில் நடந்த கூட்டு வன்கொடுமையின் போலீஸ் விசாரணைதான் கதை. இயக்குநர் ரிச்சி மேத்தா அந்தக் கொடுமையை ஒரு நொடிகூடக் காட்டவில்லை. மருத்துவமனையில் ஒரு டாக்டர், துணை ஆணையர் வர்த்திகா சதுர்வேதியிடம் அந்தப் பெண்ணின் உடம்பில் என்னென்ன நடந்திருக்கிறது என்று ஒவ்வொன்றாகச் சொல்கிறார். சொல்வது தொழில்முறைப் பேச்சு. குரலில் ஏற்ற இறக்கம் கிடையாது. நாம் பார்ப்பது வர்த்திகாவாக நடிக்கும் ஷெஃபாலி ஷாவின் முகத்தை.

பீபத்சத்தின் அனுபாவங்களாகப் பரதர் சொல்பவை உடம்பைச் சுருக்குவது, வாயைக் கோணுவது, குமட்டுவது, துப்புவது. ஷெஃபாலி ஷா இவற்றில் ஒன்றையும் செய்யவில்லை. அவர் ஒரு போலீஸ் அதிகாரி, செய்ய முடியாது. அவரிடம் நாம் பார்ப்பது சாத்விக பாவங்களை. உறைந்து நிற்றல், வியர்த்தல், மயிர்க்கூச்சு, குரல் தழுதழுத்தல், நடுக்கம், நிறம் வெளுத்தல், கண்ணீர், மூர்ச்சை என்று இவை எட்டு. இவை உடம்பில் தெரிந்தாலும், மனம் முழுதாக ஒன்றாமல் இவற்றை வரவழைக்க முடியாது என்பதால் பரதர் தனியாக வைக்கிறார். எண்ணெய் விளக்கின் முன்னால் கண்ணசைவில் கதை சொல்லும் கேரளத்துக் கூடியாட்டத்தில் இந்தச் சாத்விக அபிநயத்துக்குப் பெரிய இடம் உண்டு. பெரிய அரங்கில் பின் வரிசையில் இருப்பவருக்கு இது தெரியாது. கைக்கெட்டும் தூரத்தில் போனையோ லேப்டாப்பையோ வைத்துப் பார்ப்பவருக்குத் தாடை இறுகுவதுகூடத் தெரியும்.

இன்னொன்றும் இருக்கிறது. போர், நாடிழத்தல், மரணம், நகர முற்றுகை ஆகியவற்றை மேடையில் நேரடியாகக் காட்டாமல், பிரவேசகம் என்ற இடைக்காட்சியில் பேச்சாகச் சொல்லச் சொல்கிறது நாட்டிய சாஸ்திரம். இதைப் பழைய காலத்து நாசூக்கு என்று பலர் ஒதுக்கிவிடுகிறார்கள். டெல்லி க்ரைம் பார்த்த பிறகு அப்படி ஒதுக்க எனக்கு மனம் வரவில்லை. அந்தக் கொடுமையைக் காட்டியிருந்தால் நாம் கண்ணை மூடியிருப்போம், அல்லது அதைவிட மோசமாக, கண்ணை மூடாமல் பார்த்திருப்போம். இரண்டிலும் ரசம் இல்லை. கேட்கும் முகத்தைக் காட்டியதால் அருவருப்பு நம்மிடம் பிறந்து, அந்தப் பெண்ணின் மேல் படாமல் செய்தவர்கள் மேலும் அந்த ஊரின் மேலும் போகிறது.

இப்போது பாதாள் லோக். 2020 மே மாதம், ஊரடங்கில் எல்லாரும் வீட்டில் இருந்தபோது பிரைம் வீடியோவில் வந்தது. சுதீப் சர்மா உருவாக்கியது; அவினாஷ் அருணும் ப்ரோசித் ராயும் இயக்கினார்கள். என் கணக்கில், ரசக் கோட்பாட்டைப் புரிந்துகொள்ள இதைவிட நல்ல ஹிந்தி சீரிஸ் இல்லை. டெல்லியின் யமுனைக்கு அப்பால் ஒரு காவல் நிலையத்தில் பதவி உயர்வே பார்க்காத இன்ஸ்பெக்டர் ஹாதிராம் சௌத்ரி. பிரபல டிவி பத்திரிகையாளர் சஞ்சீவ் மெஹ்ராவைக் கொல்லத் திட்டமிட்டதாக நான்கு பேர் பாலத்தில் பிடிபடுகிறார்கள். வழக்கு அவர் கைக்கு வருகிறது. அதற்குள் தோண்டத் தோண்ட ஒவ்வொருவரின் கடந்த காலமும் வெளியே வருகிறது.

அந்த நால்வரில் விஷால் தியாகியை எடுத்துக்கொள்ளுங்கள். சுத்தியலால் அடித்துக் கொல்பவன் என்பதால் 'ஹதோடா' தியாகி. அபிஷேக் பானர்ஜி அவனை நடித்திருக்கும் விதம் அபூர்வமானது. ரௌத்திரத்துக்குப் பரதர் சொல்லும் அனுபாவங்கள் சிவந்த கண், நெரித்த புருவம், உதட்டைக் கடித்தல், கையோடு கை பிசைதல். தியாகியிடம் ஒன்றும் கிடையாது. பேச்சே அநேகமாக இல்லை. முகம் மூடிய கதவு. இத்தனை கொலை செய்தவனிடம் கோபத்தின் அடையாளமே தெரியாதபோது நமக்கு ரௌத்திரம் வருவதில்லை, பயம்தான் வருகிறது. முதல் சில எபிசோடுகளில் அவன் நமக்குப் பயானக ரசத்தின் விபாவமாகத்தான் இருக்கிறான்.

பிறகு சித்ரகூடத்துக் கதை வருகிறது. நிலத்தகராறில் சொந்த பந்தத்துக்குள்ளேயே அவனுடைய அக்கா தங்கைகளுக்கு இழைக்கப்பட்ட கொடுமை தெரிகிறது. அந்தச் சிறுவன் சுத்தியலைக் கையில் எடுத்த காரணம் தெரிகிறது. பரதர் நான்கு ரசங்களை மூலம் என்றும், அவற்றிலிருந்து மற்ற நான்கும் பிறக்கின்றன என்றும் சொல்வார். சிருங்காரத்திலிருந்து ஹாஸ்யம், வீரத்திலிருந்து அற்புதம், பீபத்சத்திலிருந்து பயானகம். ரௌத்திரத்திலிருந்து கருணை. ரௌத்திரத்தின் செயல் எதுவோ அதன் விளைவே கருணை என்பது அவர் விளக்கம். வழக்கமான படத்தில் இது கொல்பவனின் ரௌத்திரம், செத்தவன் வீட்டுக் கருணை என்று இரண்டு பக்கமாகப் பிரிந்திருக்கும். பாதாள் லோக் இரண்டையும் ஒரே ஆளுக்குள் வைத்திருக்கிறது. சுத்தியலைப் பிடித்த கையும் அழுகைக்குரிய உயிரும் ஒன்றுதான் என்று நமக்குத் தெரிய நான்கைந்து மணி நேரம் ஆகிறது. அந்த நேரம் படத்துக்குக் கிடைக்காது.

இந்த இடத்தில் எனக்குத் தொல்காப்பியம் நினைவுக்கு வருவதைத் தவிர்க்க முடிவதில்லை. மெய்ப்பாட்டியல் நாட்டிய சாஸ்திரத்தோடு ஒரே விஷயத்தைப் பேசும் பகுதி. அங்கும் எட்டுதான்: நகை, அழுகை, இளிவரல், மருட்கை, அச்சம், பெருமிதம், வெகுளி, உவகை. ஒவ்வொன்றும் எதிலிருந்து பிறக்கும் என்று தொல்காப்பியர் நான்கு நான்காகச் சொல்கிறார். வெகுளிக்கு உறுப்பறை, குடிகோள், அலை, கொலை. குடிகோள் என்பது மனைவி, சுற்றம், குடி ஆகியவற்றுக்குக் கேடு சூழ்வது என்று பழைய உரையாசிரியரான பேராசிரியர் விளக்குகிறார். தியாகியின் வெகுளி அதுவே. அதைவிட என்னை நிறுத்தி யோசிக்க வைத்தது அழுகைக்கான நான்கு: இளிவு, இழவு, அசைவு, வறுமை. ஒருவரை இழப்பதற்கும் முன்னால், பிறரால் இழிவாக நடத்தப்படுவதை வைத்திருக்கிறார். பரதர் கருணைக்குக் காரணமாகச் சாபம், பிரிவு, செல்வம் அழிதல், கொலை, சிறை என்று அடுக்கும் இடத்தில் இந்த அழுத்தம் எனக்குத் தென்படவில்லை.

பாதாள் லோக்கை முழுவதுமாகத் திறக்கும் சாவி அந்த 'இளிவு'தான். பிடிபட்ட நால்வரில் மற்ற மூவர் தோப் சிங், சீனி, கபீர். தோப் சிங்கை அவன் பிறந்த சாதி துரத்துகிறது. சீனி திருநங்கை என்பது லாக்கப்பில் தெரிய வரும்போது அங்கே நடப்பது விசாரணை அல்ல, அவமதிப்பு. ஹாதிராமை மேலதிகாரி மதிப்பதில்லை. பெற்ற மகன் அப்பாவை நினைத்து வெட்கப்படுகிறான். கபீரின் அப்பாவை ஹாதிராம் சந்திக்கும் காட்சி ஒன்று வரும். மகன் முஸ்லிம் என்பதே வெளியே தெரியாமல் வளர்த்தவர் அந்த மனிதர். நான் முஸ்லிமாகக்கூட ஆகவிடாமல் வளர்த்த பிள்ளையை நீங்கள் ஜிஹாதி ஆக்கிவிட்டீர்களே என்ற பொருளில் ஒரே ஒரு வாக்கியம் சொல்கிறார். ஓலமில்லை, மார்பில் அடித்துக்கொள்வதில்லை. விபாவம் அதற்குள் இவ்வளவு இறுக்கமாகக் கட்டப்பட்டுவிட்டதால், அந்த ஒரு வாக்கியத்துக்கு மேல் அனுபாவம் வேண்டியிருக்கவில்லை.

இங்கே பழைய கோட்பாட்டோடு எனக்கு ஒரு சண்டையும் இருக்கிறது. பரதர் பாத்திரங்களை உத்தமர், மத்திமர், அதமர் என்று பிரிக்கிறார். துயரம் வந்தால் உயர்ந்தோர் தைரியத்தால் தாங்குவார்களாம். பெண்களும் கீழ்நிலையில் உள்ளவர்களும் கதறி அழுவார்களாம். பாதாள் லோக் இதை அப்படியே தலைகீழாக்குகிறது. சீரிஸ் 'சொர்க்க லோகம்' என்று சொல்லும் மேல்தட்டில் வாழும் சஞ்சீவ் மெஹ்ராதான் பதறுகிறார், தூக்கமில்லாமல் தவிக்கிறார். பாதாளத்தில் இருப்பவர்கள் வாய் திறக்காமல் தாங்குகிறார்கள். ரசம் பிறக்கும் முறையைப் பரதரிடமிருந்து எடுத்துக்கொள்ளலாம். யாருக்கு எந்த உணர்ச்சி உரியது என்ற அவருடைய சமூகக் கணக்கை அங்கேயே விட்டுவிட வேண்டும். சுதீப் சர்மா குழு அதைத்தான் செய்திருக்கிறது.

முடிவைப் பற்றியும் சொல்ல வேண்டும். கதையின் கடைசிப் பகுதியான நிர்வஹணத்தில் எப்போதும் அற்புத ரசம் இருக்க வேண்டும் என்கிறது நாட்டிய சாஸ்திரம். துப்பறியும் கதையில் அது பெரும்பாலும் 'கொலையாளி யார்' என்ற திருப்பமாக வரும். பாதாள் லோக்கில் கேள்வியே வேறு: இத்தனை கொலை செய்த தியாகி, கையெட்டும் தூரத்தில் இருந்த சஞ்சீவை ஏன் கொல்லாமல் விட்டான்? சஞ்சீவின் மனைவி டாலி தெருநாய்களுக்குச் சோறு வைப்பதை அவன் பார்த்துவிட்டான். நாயை நேசிக்கிறவர் நல்லவர் என்பது அவன் குருவிடம் கற்ற ஒரே பாடம். அரசியல், சிபிஐ, சதி என்று ஒன்பது எபிசோட் சுற்றியபின் விடை ஒரு தெருநாயில் வந்து நிற்கிறது. மகாபாரதத்தின் கடைசியில் தருமரோடு மலையேறிய நாயை நினைக்காமல் இதைப் பார்க்க முடியாது. கொலைகாரன் மனதில் இப்படி ஒரு மூலை இருந்திருக்கிறது என்ற வியப்பும், அவன் தன்னையே சுட்டுக்கொள்ளும்போது வரும் துயரமும் சேர்ந்து இறங்குகின்றன. வழக்கின் உண்மை ஹாதிராமுக்குத் தெரிந்துவிட்டது. ஊரில் ஒன்றும் மாறவில்லை. அவருடைய உற்சாகம் வழிநெடுக வீரத்தைத் தந்தும், பிரதான ரசம் கருணையாகவே முடிகிறது.

பஞ்சாயத்துக்கு வருவோம். அதுவும் 2020இல், பாதாள் லோக்குக்கு ஒரு மாதம் முன்பு வந்தது. வேறு வேலை கிடைக்காமல், ஃபுலேரா என்ற உத்தரப்பிரதேச கிராமத்துக்குப் பஞ்சாயத்துச் செயலராகப் போகும் அபிஷேக். பிரதான், அதாவது ஊராட்சித் தலைவர் பதவி மனைவி பெயரில், வேலை பார்ப்பது கணவர். சக்கரம் வைத்த நாற்காலிக்கு ஒரு எபிசோட் சண்டை நடக்கும். இரண்டுக்கு மேல் பிள்ளை பெற்றால் மூலநோய் வரும் என்ற பொருளில் ஒரு குடும்பக் கட்டுப்பாட்டு வாசகத்தைச் சுவரில் எழுதி ஊரின் கோபத்தைச் சம்பாதிப்பார்கள். ஹாஸ்யத்தைப் பரதர் ஆறு படிகளாகப் பிரிக்கிறார். பல் தெரியாத புன்முறுவலில் தொடங்கி உடம்பு குலுங்கும் அதிஹசிதம் வரை. பஞ்சாயத் முதல் இரண்டு சீசன்கள் அநேகமாகக் கீழிரண்டு படிகளிலேயே நிற்கும். யாரையும் கேவலப்படுத்திச் சிரிக்க வைப்பதில்லை. அந்தக் கட்டுப்பாடு எவ்வளவு பெரிய முதலீடு என்று இரண்டாம் சீசனின் கடைசி எபிசோடில்தான் தெரிகிறது.

மனைவியை இழந்தவர், துணைத் தலைவரான உப பிரதான் பிரஹ்லாத். எப்போதும் சிரித்த முகம். ராணுவத்தில் இருக்கும் ஒரே மகன் ராகுல் வீரமரணம் அடைந்த செய்தி வருகிறது.

ஹாஸ்யமும் கருணையும் ஒன்றுக்கொன்று பகை ரசங்கள் என்பது பிற்கால அலங்கார நூல்களின் தீர்ப்பு. ஆனால் ஒன்பதாம் நூற்றாண்டில் 'த்வனியாலோகம்' எழுதிய ஆனந்தவர்த்தனர் ஒரு வழி சொல்கிறார்: இரண்டு பகை ரசங்களை அடுத்தடுத்து வைக்க வேண்டிவந்தால் நடுவில் இரண்டுக்கும் ஒத்துப்போகும் இன்னொன்றை வையுங்கள். 'நாகானந்தம்' நாடகத்தில் சாந்தத்துக்கும் சிருங்காரத்துக்கும் இடையே அற்புதம் இருப்பதை எடுத்துக்காட்டுவார். பஞ்சாயத்தில் அந்த நடு ரசம் வீரம். ராணுவ மரியாதையும் திரண்ட ஊருமாக ஒரு பெருமிதம் இடையில் வந்து நம்மைத் தயார்ப்படுத்துகிறது. அதெல்லாம் கலைந்தபின் வெறும் வீட்டில் பிரஹ்லாத் தனியாக இருக்கும்போதுதான் கருணை முழு எடையோடு இறங்குகிறது. ஃபைசல் மாலிக்கை அதுவரை நகைச்சுவை நடிகராக மட்டும் நினைத்திருந்தோம்.

மூன்றாம் சீசனில் (2024) பிரஹ்லாத் தாடியும் குடியுமாகத் திரிகிறார். உதவித்தொகை வந்திருக்கிறது, அதை வைத்து என்ன செய்வது என்று தெரியவில்லை. காலத்துக்கு முன்னால் யாரும் போகக் கூடாது என்று அவர் சொல்லும் இடம் அந்த சீசனின் உச்சம். பரதரின் முப்பத்து மூன்று வியபிசாரிகளில் முதலாவது நிர்வேதம், எல்லாவற்றிலும் பற்றற்றுப்போகும் விரக்தி. பிரஹ்லாதிடம் இருப்பது அதுவே. சிலர் இதைச் சாந்த ரசம் என்று எழுதுகிறார்கள், நான் ஏற்கவில்லை. அபினவகுப்தர் சாந்தத்துக்கு ஆதாரமாகச் சொல்வது தன்னை அறிந்த தெளிவு. பிரஹ்லாதிடம் தெளிவு இல்லை, காயம்தான் இருக்கிறது. கருணைக்குள் வந்து போகும் நிர்வேதம் அது. அதன்பின் பஞ்சாயத் தேர்தல் சண்டைக்குள் போய்விட்டது. ஹாஸ்யம் மேல் படிகளுக்கு ஏறி, சத்தம் கூடி, பழைய புன்முறுவல் போய்விட்டது என்பது என் வருத்தம்.

தோற்ற இடங்களைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். மிர்சாபூர் (2018) கல்யாண ஊர்வலத்தில் முன்னா சுட்ட குண்டு மாப்பிள்ளையைக் கொல்வதில் தொடங்குகிறது. அருமையான தொடக்கம், சிரிப்பு தொண்டையில் சிக்குகிறது. ஆனால் போகப்போக ரத்தமும் குடலும் மட்டும் குவிகின்றன. ரத்தத்தைப் பார்த்து வரும் அருவருப்பைப் பரதர் க்ஷோபஜம் என்று ஒரு வகையாகவே வைத்திருக்கிறார், ஆகவே அது தடைசெய்யப்பட்ட சரக்கு அல்ல. அதன் அடியில் ஸ்தாயி எது என்று கேட்டால் மிர்சாபூரின் பிற்கால சீசன்களிடம் பதில் இல்லை. ஔசித்தியம், அதாவது பொருத்தம், தவறுவதைத் தவிர ரசம் குலைவதற்கு வேறு காரணமே இல்லை என்றார் ஆனந்தவர்த்தனர். கெட்ட வார்த்தை, ரத்தம், படுக்கையறை என்று எதுவும் தன்னளவில் அனௌசித்தியம் ஆகாது. எந்த ரசத்துக்கும் வேலை செய்யாமல் அங்கே இருப்பதுதான் தவறு.

சேக்ரட் கேம்ஸின் கதை வேறு. முதல் சீசனில் (2018) கணேஷ் கைதோண்டேயின் குரலே எல்லாவற்றையும் கட்டி வைத்திருந்தது. இரண்டாவதில் கென்யா, குருஜியின் ஆசிரமம், அணுகுண்டு என்று பரவியபோது எது பிரதானம், எது துணை என்றே தெரியாமல் போனது. ரசம் பிறக்கத் தடையாக நிற்கும் ஏழு விக்கினங்களை அபினவகுப்தர் பட்டியலிடுகிறார். பிரதானம் இல்லாமை அவற்றில் ஒன்று. நவாசுதீன் சித்திகியின் நடிப்பில் குறை சொல்ல முடியாது. அவர் நின்ற தளம்தான் அவரைத் தாங்கவில்லை.

ஸ்கேம் 1992 (2020) ரசக் கோட்பாட்டுக்கு வேறு ஒரு கடினமான கேள்வியை வைக்கிறது. ஹர்ஷத் மேத்தாவாக பிரதீக் காந்தி வரும் ஒவ்வொரு காட்சியிலும் பொங்குவது உற்சாகம், அதாவது வீரத்தின் ஸ்தாயி. ஆனால் வீரம் உத்தம இயல்புள்ளவனுக்கு உரியது என்பார் பரதர். வங்கிப் பணத்தை எடுத்துச் சந்தையில் விளையாடியவனிடம் நாம் அனுபவிப்பது வீரமா? தகாத இடத்தில் தோன்றும் ரசத்தை ரசாபாசம் என்பார்கள், ரசத்தின் போலித் தோற்றம். சீரிஸ் முடிந்ததும் எத்தனையோ இளைஞர்கள் ஹர்ஷத்தின் வசனங்களை வாட்ஸ்அப் ஸ்டேட்டஸாக வைத்தபோது, ரசாபாசத்தையே ரசமாக எடுத்துக்கொண்டார்கள் என்றுதான் நினைத்தேன். இயக்குநர் ஹன்சல் மேத்தா பத்திரிகையாளர் சுசேதா தலாலின் பாத்திரத்தை எதிர் எடையாக வைத்திருக்கிறார். பின்னணி இசையின் வேகத்துக்கு முன்னால் அந்த எடை போதவில்லை.

உண்மைச் சம்பவங்களை எடுக்கும் சீரிஸ்களில் இன்னொரு சிக்கல் உண்டு. மேடையில் நடப்பதை 'இது என் துயரம்' என்றோ 'இது இன்னாருடைய துயரம்' என்றோ பார்த்தால் ரசம் வராது. யாருக்கும் உரியதல்லாத பொதுத் துயரமாக அது மாற வேண்டும் என்பது பட்டநாயகர் சொல்லி அபினவகுப்தர் வளர்த்த சாதாரணீகரணம். 1997 ஜூன் 13 அன்று டெல்லி உப்ஹார் திரையரங்கில் தீப்பிடித்து 59 பேர் இறந்தார்கள். தங்கள் இரண்டு பிள்ளைகளையும் பறிகொடுத்த நீலம், சேகர் கிருஷ்ணமூர்த்தி தம்பதியின் நீதிமன்றப் போராட்டத்தை 'ட்ரையல் பை ஃபயர்' (2023) சொல்கிறது. அவர்கள் இன்னும் நம்மோடு வாழும் மனிதர்கள். அவர்களுடைய துயரம் எப்படிப் பொதுவாகும்? ராஜ்ஸ்ரீ தேஷ்பாண்டேயும் அபய் தியோலும் இதைத் தாண்டும் வழி, அழுகையைக் குறைத்து நீதிமன்றத்துக்கு அலையும் களைப்பைக் கூட்டுவது. வாய்தா, கோப்பு, காத்திருப்பு. அந்தக் களைப்பு இந்த நாட்டில் நீதிமன்ற வாசலில் நின்ற எவருக்கும் தெரிந்தது. அதன் வழியாகச் சோகமும் நமக்குள் வந்துவிடுகிறது. பிரிவுத் துயரில் மீண்டும் சேரும் நம்பிக்கை உண்டு, கருணையில் நம்பிக்கையே கிடையாது என்று பரதர் இரண்டையும் பிரித்து வைப்பார். இந்தப் பெற்றோருக்குப் பிள்ளைகள் விஷயத்தில் நம்பிக்கை ஏதுமில்லை. வழக்கு விஷயத்தில் விடாப்பிடியான உற்சாகம் இருக்கிறது. இரண்டும் ஒரே நெஞ்சில் இருப்பதை இவ்வளவு துல்லியமாக வேறு சீரிஸில் நான் பார்த்ததில்லை.

கடைசியாக, பார்ப்பவர் பக்கம். ரசம் பிறக்கச் சஹிருதயர், அதாவது ஒத்த மனம் கொண்ட ரசிகர், வேண்டும் என்பது கோட்பாட்டின் பாதி. அபினவகுப்தரின் விக்கினப் பட்டியலில், தன் சொந்த சுகதுக்கத்திலேயே மூழ்கிக் கிடப்பதும் ஒன்று. அதை விலக்கத்தான் நாடகத்தில் வாத்தியம், பாட்டு, அரங்க அலங்காரம் எல்லாம் இருக்கின்றன என்று அவர் விளக்குகிறார். நம் வீட்டில் அந்த அரங்கு கிடையாது. ஒன்றரை மடங்கு வேகத்தில் ஓட்டுகிறோம், நடுவில் மெசேஜ் பார்க்கிறோம், தலைப்பு இசையை 'ஸ்கிப்' செய்கிறோம். பின்னணியில் ஓடினால் கதை புரிந்துவிடும். ஷெஃபாலி ஷாவின் முகத்தில் நடந்தது தெரியாது.

முயன்று பார்க்க விரும்புபவர்களுக்கு என் யோசனை: டெல்லி க்ரைம் முதல் எபிசோடை இரண்டு முறை பாருங்கள். இரண்டாம் முறை வசனத்தை விட்டுவிட்டுக் கேட்பவர்களின் முகத்தை மட்டும் கவனியுங்கள். பாதாள் லோக்கில் தியாகி வரும் காட்சிகளில், உங்களுக்கு அவன் மேல் இருந்த பயம் எந்த எபிசோடில் இரக்கமாக மாறியது என்று குறித்து வையுங்கள். நண்பர்களோடு ஒப்பிட்டால் ஒவ்வொருவருக்கும் வேறு வேறு இடம் வரும், அதைப் பற்றிப் பேசவே ஒரு மாலை போதாது. பஞ்சாயத்தை முதல் சீசனிலிருந்தே வரிசையாகப் பாருங்கள். இரண்டாம் சீசன் முடிவைப் பற்றிக் கேள்விப்பட்டு நேராக அதற்குத் தாவ வேண்டாம். சக்கரம் வைத்த நாற்காலிச் சண்டையில் பிரஹ்லாதோடு சேர்ந்து சிரித்தவர்களுக்கே அந்தக் கடைசி எபிசோட் வேலை செய்கிறது.